1946ஐ ஏன் விட்டீர்கள்?

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கடந்த வார இதழின் விளையாட்டுப் பக்கத்தில் ரொறன்ரோ ராப்டர்ஸ் கூடைப்பந்து அணியைப் பற்றிய கட்டுரையை வாசித்தேன். நன்றாகத்தான் தொடங்கியிருந்தது. இரண்டாவது பத்தியில் ஒரு வரி: "1995இல் ராப்டர்ஸ் வரும்வரை ரொறன்ரோவில் தொழில்முறைக் கூடைப்பந்து என்ற ஒன்றே இருக்கவில்லை." அதற்குமேல் வாசிக்க எனக்கு மனம் வரவில்லை.

வேறு பத்திரிகை எழுதியிருந்தால் பக்கத்தைத் திருப்பிவிட்டுப் போயிருப்பேன். நீங்கள் எழுதலாமா? எனக்கு முன்னரே இந்த நகரத்துக்கு வந்தவர் நீங்கள். கார்ல்டன் வீதியும் சேர்ச் வீதியும் சந்திக்கும் மூலையில் நிற்கும் அந்த மஞ்சள் செங்கல் கட்டடத்தை உங்களுக்கு நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. அந்த மேப்பிள் லீஃப் கார்டன்ஸ் அரங்கில்தான் 1946 நவம்பர் 1, வெள்ளிக்கிழமை இரவு, வட அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்துச் சங்கமான என்.பி.ஏ. தன் வரலாற்றின் முதல் ஆட்டம் என்று இன்றுவரை கணக்கு வைத்திருக்கும் ஆட்டம் நடந்தது. நியூயோர்க்கிலும் இல்லை, பொஸ்ரனிலும் இல்லை, நம்முடைய ரொறன்ரோவில். ஆடியவர்கள் ரொறன்ரோ ஹஸ்கீஸும் நியூயோர்க் நிக்கர்பொக்கர்ஸும் (சுருக்கமாக நிக்ஸ்). நிக்ஸ் 68, ஹஸ்கீஸ் 66. முதல் கூடையைப் போட்டவர் நிக்ஸின் ஒஸ்ஸி ஷெக்மன். பார்க்க வந்தவர்கள் 7,090 பேர். இதெல்லாம் யாரும் ஒளித்துவைத்த இரகசியம் இல்லை, ஐயா.

நான் இந்த நாட்டுக்கு வந்த புதிதில் அந்த அரங்கில் இரவு நேரத் துப்புரவு வேலை செய்தவன். ஹொக்கி ஆட்டம் முடிந்து சனம் போனபிறகு படிவரிசைகளைக் கூட்டிக்கொண்டு போவோம். என்னோடு ஒரு வயதான கனடியர் வேலை செய்தார். அவர் சிறுவனாக இருந்தபோது தகப்பனோடு வந்து ஹஸ்கீஸின் ஆட்டம் பார்த்ததை எனக்கு அடிக்கடி சொல்வார். மேப்பிள் லீஃப்ஸ் ஹொக்கி அணி ஆடும் இரவில் இருக்க இடம் கிடைக்காதாம். ஹஸ்கீஸ் ஆடும் இரவில் விரும்பிய இடத்தில் இருக்கலாமாம். அந்த மனிதர் சொல்லித்தான் எனக்கு இந்த அணி தெரியும். அதன்பிறகு அதைப்பற்றிக் கிடைத்ததையெல்லாம் தேடி வாசித்திருக்கிறேன். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடச் சீமெந்துத் தரையில் வெறுங்காலோடு கூடைப்பந்து ஆடியவன் நான். எனக்கு இது வெறும் பொது அறிவு விஷயம் இல்லை.

அந்த அணியின் பாடு என்ன பாடு என்று உங்கள் வாசகர்களுக்குச் சொல்லியிருந்தால் கட்டுரை எவ்வளவு கனமாக இருந்திருக்கும்! முதல் ஆட்டத்துக்குக் கூட்டம் சேர்க்கப் பத்திரிகையில் விளம்பரம் போட்டார்கள். ஹஸ்கீஸின் ஜோர்ஜ் நோஸ்ட்ரண்ட் ஆறடி எட்டு அங்குலம். அவரைவிட உயரமானவர் யார் வந்தாலும் இலவச அனுமதி. மற்றவர்களுக்கு 75 சதத்திலிருந்து இரண்டரை டொலர்வரை. இத்தனை செய்தும் பன்னிரண்டாயிரத்துக்கு மேல் கொள்ளும் அரங்கு நிரம்பவில்லை. ஆட வந்த நிக்ஸ் அணியினரை எல்லையில் மறித்த சுங்க அதிகாரி, உங்கள் ஆட்டத்தை விளங்கிக்கொள்ளக்கூடியவர்கள் இந்தப் பக்கம் அதிகம் பேர் இல்லை என்று சொன்னாராம். அந்த அணியில் ஆடியவர்கள் பிற்காலத்தில் சொன்ன கதை இது.

முதல் பயிற்சியாளர் எட் சடோவ்ஸ்கி. பயிற்சியாளரும் அவர்தான், முன்னணி ஆட்டக்காரரும் அவர்தான். முதல் இரவில் 18 புள்ளிகள் எடுத்தார். பன்னிரண்டு ஆட்டங்களில் மூன்றுதான் வெற்றி. அத்தோடு அணியை விட்டுப்போய், கிளீவ்லாந்துக்கு மாற்றப்பட்டார். பிறகு லூ ஹேமன் ஒரேயொரு ஆட்டத்துக்கு, டிக் ஃபிற்ஸ்ஜெரல்ட் மூன்று ஆட்டங்களுக்கு. கடைசியாக வந்தவர் ரெட் றொல்ஃப், நியூயோர்க் யாங்கீஸ் பேஸ்போல் அணியில் பேர்பெற்றவர். ஒரே பருவத்தில் நான்கு பயிற்சியாளர்கள். இப்படியிருந்தால் எந்த அணி நிமிரும்? கடைசியில் 60 ஆட்டங்களில் 22 வெற்றி, 38 தோல்வி. அதே வசந்தத்தில் லீஃப்ஸ் ஹொக்கியின் ஸ்டான்லி கிண்ணத்தைத் தூக்கியது. ரொறன்ரோவின் கண்ணும் காசும் எங்கே போயிருக்கும் என்று நீங்களே யோசியுங்கள். ஒரு இலட்சம் டொலர்வரை நட்டம் என்பார்கள். 1947 கோடையில் கடையைப் பூட்டினார்கள். கிளீவ்லாந்து, டிட்ரொய்ற், பிற்ஸ்பேர்க் அணிகளும் அதே கோடையில் போயின. பதினொரு அணிகளோடு தொடங்கிய சங்கத்தில் நான்கு ஒரே வருடத்தில் இல்லாமல் போயின.

இன்னொன்றையும் கேளுங்கள். அந்தப் பருவத்தில் பொஸ்ரன் செல்டிக்ஸும் 22 வெற்றி, 38 தோல்வி. ஹஸ்கீஸோடு சேர்ந்து கிழக்குப் பிரிவின் கடைசி இடம். அப்படிப்பட்ட செல்டிக்ஸ் இன்று 18 பட்டங்களோடு நிற்கிறது. அதன் முதலாளி வோல்ற்றர் பிரவுன், அரங்கும் அவர் பொறுப்பில் இருந்ததால், நட்டத்தைத் தாங்கி அணியைக் காப்பாற்றினார். ஹஸ்கீஸுக்கு அப்படித் தாங்க ஆள் இல்லை. ஒரே இடத்தில் நின்ற இரண்டு அணிகளில் ஒன்றைப் பற்றி நீங்கள் மாதாமாதம் எழுதுகிறீர்கள். மற்றது நம்முடைய நகரத்து அணி. அது இருக்கவே இல்லை என்று எழுதிவிட்டீர்கள்.

இது ஒரு வரியோடு முடிகிற கோபமும் இல்லை. உங்கள் விளையாட்டுப் பக்கம் சில காலமாகவே இப்படித்தான் இருக்கிறது. ஆங்கிலப் பத்திரிகையில் வந்ததை அப்படியே எடுத்துப் போடுகிறீர்கள். பெயர்கள் வாரத்துக்கு ஒரு விதமாக வருகின்றன. முன்பு முழுப்பக்கமாக இருந்தது இப்போது அரைப்பக்கம். மீதியில் வீட்டுக்கடன் விளம்பரம். எங்கள் பிள்ளைகள் ஆடும் சுற்றுப்போட்டியின் முடிவுகளை எழுதி அனுப்பினேன், வரவில்லை. எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பின் நிர்வாகம் பந்துச் சத்தம் தொந்தரவு என்று வாகனத் தரிப்பிடத்துக் கூடையைக் கழற்றி எறிந்தபோது உங்களுக்கு விரிவாகக் கடிதம் எழுதினேன். நீங்கள் போட்டது நான்கு வரி. அதில் கூடை என்ற சொல்லே இல்லை. பிள்ளைகள் இன்றும் தெருவோரத்தில்தான் பந்தைத் தட்டிக்கொண்டு நிற்கிறார்கள்.

இந்தப் பிள்ளைகளுக்குத்தான் அந்த வரலாறு வேண்டும் என்கிறேன். ஹஸ்கீஸில் ஆடிய ஹாங்க் பியசாட்டி இத்தாலியில் பிறந்து வின்ட்சரில் வளர்ந்தவர். ஜீனோ சொவ்ரானும் வின்ட்சர் பையன். ஆளுக்கு ஆறு ஆட்டங்கள்தான் கிடைத்தன. அமெரிக்காவுக்கு வெளியில் பிறந்து என்.பி.ஏ. ஆட்டத்தில் இறங்கிய முதல் ஆள் என்று இன்று பியசாட்டியைத்தான் சொல்கிறார்கள். வந்தேறு குடும்பத்துப் பிள்ளை, இந்த மாகாணத்தில் வளர்ந்தவர், இந்த நகரத்தின் அணி. ஸ்காபரோவில் வாழும் தமிழ்ப் பிள்ளை ஒன்று இதைத் தன் மொழியில் வாசித்தால் அதற்கு என்ன தோன்றும் என்று உங்களுக்குத் தெரியும். சமூகத்துக்காகப் பத்திரிகை நடத்துகிறோம் என்று ஒவ்வொரு ஆண்டு மலரிலும் நீங்கள்தானே எழுதுகிறீர்கள். அதை நம்பித்தான் நானும் இத்தனை வருடம் உங்கள் பத்திரிகையை வாங்கி வாசிக்கிறேன்.

ராப்டர்ஸ் நிர்வாகம்கூட இதை மறக்கவில்லை. புதிய அணிக்கு முதலில் ஹஸ்கீஸ் என்ற பழைய பெயரையே வைக்க யோசித்தார்கள். ஹஸ்கி என்பது ஒரு நாய், அதன் சின்னம் மினசோட்டா அணியின் ஓநாய்ச் சின்னத்தைப் போல வந்துவிடும் என்பதால்தான் விட்டார்கள். 2016இல், முதல் ஆட்டத்தின் 70ஆம் ஆண்டு நிறைவுப் பருவத்தில், ஹஸ்கீஸ் பெயர் பொறித்த சட்டையோடு ராப்டர்ஸ் ஆடியது. 2021 நவம்பர் 1ஆம் திகதி, 75 ஆண்டு நிறைவுக்காக ராப்டர்ஸையும் நிக்ஸையும் நியூயோர்க்கில் ஆடவைத்தார்கள். அந்த ஆட்டத்தை உங்கள் பத்திரிகையும் செய்தியாகப் போட்டது. ஏன் அந்த நாளில் அந்த இரண்டு அணிகள் என்று அன்று யாராவது கேட்டிருந்தால் கடந்த வாரத்து வரி வந்திருக்காது.

கார்டன்ஸ் கட்டடத்துக்குள் இப்போது கீழே லோப்லாஸ் பலசரக்குக் கடை, மேலே பல்கலைக்கழக விளையாட்டரங்கு. கடையின் தரையில் ஹொக்கித் திடலின் நடுப்புள்ளியைச் சிவப்பு வட்டமாகப் போட்டுவைத்திருக்கிறார்கள். சாமான் வாங்கப் போகும்போதெல்லாம் அதைக் கடந்துதான் போகிறேன். ஹஸ்கீஸுக்கு அப்படி ஒரு அடையாளம் என் கண்ணில் பட்டதில்லை. கடைக்காரனை நான் எதுவும் கேட்கவில்லை. உங்களைத்தான் கேட்கிறேன்.

நான் கேட்பது சின்ன விஷயம். அடுத்த இதழில், அதே விளையாட்டுப் பக்கத்தில், அதே எழுத்தளவில் ஒரு திருத்தம் போடுங்கள்: 1946–47 பருவத்தில் ரொறன்ரோ ஹஸ்கீஸ் என்ற தொழில்முறை அணி இந்த நகரத்தில் இருந்தது, என்.பி.ஏ.யின் முதல் ஆட்டம் இங்கேதான் நடந்தது. இவ்வளவும் போதும். இந்தக் கடிதத்துக்கு இடமில்லாவிட்டால் விட்டுவிடுங்கள், சென்ற முறை போல வெட்டி நான்கு வரியாக மட்டும் போடவேண்டாம். திருத்தம் மட்டும் கட்டாயம் வரவேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகன்,
ஸ்காபரோ.