மண்டபத்துக்காரருக்கு ஃபோன் செய்யாதீர்கள்

மதிப்புக்குரிய காவல் அதிகாரிகளுக்கு,

வணக்கம். சின்ன ஊர் ஒன்றில் மாதம் ஓர் ஆவணப்படம் திரையிடும் குழுவில் இருக்கிறேன். உங்களிடம் கேட்பது ஒன்றுதான். எங்கள் திரையிடலை நிறுத்த வேண்டுமென்றால் காரணத்தை எழுதி எங்களிடம் கொடுங்கள்.

போன முறை மாலை ஆறு மணிக்குப் படம். நாற்காலி போட்டு, புரொஜெக்டரை மாட்டிக்கொண்டிருந்தபோது மண்டபத்துக்காரர் வந்து, "தம்பி, மேலேருந்து ஃபோன் வந்துச்சு, என்னை விட்டுடுங்க" என்று முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்தார். அவர்மேல் கோபப்பட்டு என்ன செய்ய, அவருக்கு உரிமம் புதுப்பிக்க வேண்டும், அடுத்த முகூர்த்தத்துக்கு மண்டபம் திறந்திருக்க வேண்டும். யார் பேசினார்கள், எந்தச் சட்டப்படி பேசினார்கள் என்பது எந்தத் தாளிலும் இல்லை. தாள் இல்லாமல் நாங்கள் எதை எடுத்துக்கொண்டு நீதிமன்றம் போவது?

இப்படித் தடுக்கப்பட்டது எங்கள் படம் மட்டுமல்ல. கையால் மலம் அள்ள வைப்பதை 2013 சட்டம் தடை செய்தது. சாக்கடைக் குழியில் இறங்கி இறந்தவர்களின் குடும்பங்களுக்கு 10 லட்சம் ரூபாய் கொடுக்கச் சொல்லி 2014-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அதற்குப் பிறகும் அந்த வேலை நடப்பதைத்தான் திவ்யபாரதியின் 'கக்கூஸ்' ஆவணப்படம் 2017-ல் காட்டியது. பல ஊர்களில் அதைத் திரையிட விடவில்லை. அந்த ஜூலையில் எட்டு ஆண்டுப் பழைய வழக்கு ஒன்றில் அவரைக் கைதும் செய்தார்கள். படம் யூடியூபில் ஏறி ஊரெல்லாம் பார்த்தது என்பது சரி, ஆனால் தனியாக ஃபோனில் பார்ப்பது வேறு, நாற்பது பேர் சேர்ந்து பார்ப்பது வேறு. எங்கள் திரையிடல் ஒன்றில் விளக்கைப் போட்டதும் ஒரு தூய்மைப் பணியாளர் அக்கா எழுந்து, பக்கத்தில் உட்கார்ந்திருந்த வார்டு கவுன்சிலரிடம், "கையுறை எப்போ வரும்?" என்று நேராகக் கேட்டார். நகராட்சி அலுவலகத்தில் அவரால் அப்படிக் கேட்க முடிந்ததே இல்லையாம்.

சட்டம் ஒழுங்கு கெடும் என்பீர்கள். தமிழ்ப் படம் ஒன்றின் வழக்கில் 1989-லேயே உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது: போராட்டம், வன்முறை வரும் என்ற மிரட்டலைக் காட்டிக் கருத்துரிமையை முடக்கக் கூடாது, அதைக் காப்பது அரசின் கடமை. அப்புறம், மதவாத வன்முறையைப் பற்றிய ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் படத்தை, மறுத்து வந்த தூர்தர்ஷன் ஒளிபரப்ப வேண்டும் என்று 2006-ல் அதே நீதிமன்றம் சொன்னது. பட்வர்தன் நீதிமன்றம் போக முடிந்தது, மறுத்தவர் யார் என்பது தெரிந்திருந்ததால்தான்.

அடுத்த திரையிடல் இந்த மாதக் கடைசி சனிக்கிழமை. படத்தின் பெயர், இடம், நேரம் எல்லாம் எழுதி முன்கூட்டியே நிலையத்தில் கொடுத்துவிடுகிறோம். ஆட்சேபணை இருந்தால் கையெழுத்தும் முத்திரையும் போட்டு எங்களுக்கு அனுப்புங்கள்.