'மற்றும் பலர்' என்று போடாதீர்கள்

தமிழ்த் திரைப்பட இயக்குநர்களுக்கும் சின்னத்திரைத் தொடர் எடுப்பவர்களுக்கும்,

வணக்கமுங்க. கோபிசெட்டிபாளையத்துக்குப் பக்கத்தில், தடப்பள்ளி வாய்க்கால் பாயும் ஊரிலிருந்து எழுதுகிறேன். கொடிவேரி அணையும் பாரியூர் கோயிலும் எங்கள் நெல்வயல் வரப்பும் உங்கள் கேமராவுக்குப் பழகிய இடங்கள். குட்டிக் கோடம்பாக்கம் என்று எங்கள் ஊருக்குப் பேர் வந்ததே உங்களால்தான்.

எங்கள் அப்புச்சி, அதாவது அம்மாவின் அப்பா, படப்பிடிப்பை வேடிக்கை பார்க்கப் போய் நடிகரானவர். மீசையையும் உயரத்தையும் பார்த்துப் பஞ்சாயத்துக் காட்சியில் உட்கார வைத்தார்கள். அப்புறம் பூசாரி, பண்ணையக்காரர், பெண்ணின் தகப்பன். வயதானதும் தொடர்களில் தாத்தா. இருபது வருசத்துக்கு மேல். ஒருநாள் வேலைக்கு ராத்திரி பஸ் ஏறிச் சென்னை போவார். காட்சி எடுக்காமலே திரும்பிய நாளும் உண்டு, அன்றைக்கு வெறும் பேட்டாதான்.

ஒரு படத்தில் மகளைப் புருசன் வீட்டுக்கு அனுப்பும் காட்சி. அவள் ஏறுவதற்கு முன்னால் தோளில் கிடந்த துண்டை எடுத்து வண்டிப் பலகையைத் துடைத்துவிட்டார். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. என் அம்மாவை அனுப்பிய அன்றும் அப்படித்தான் துடைத்தாராம்.

படம் வந்தது. துண்டு இருந்தது, குரல் இல்லை. அவர் சொன்ன "போயிட்டு வா சாமி", வேறு யாரோ குரலில் "போய் வாம்மா" ஆகியிருந்தது. முடிவில் பெயர்கள் ஓடியபோது குடும்பத்தோடு நின்று பார்த்தோம். 'மற்றும் பலர்' என்று வந்தது.

கோவையில் பிறந்த சி.டி.ராஜகாந்தம் 1941-இல் 'சபாபதி'யில் வேலைக்காரப் பெண்ணாக நடித்தவர். அந்தப் பேரை இன்றைக்கும் சொல்கிறோம் என்றால், யாரோ எழுதி வைத்ததால்தான். சூலூர்க்காரரான மணிவண்ணன் எங்கள் ஊர்ப் பேச்சோடே நடித்தார், தமிழ்நாடே ரசித்தது. எங்கள் பேச்சு மற்றவர்களுக்குப் புரியாது என்று இனியும் சொல்லாதீர்கள்.

கேட்பது பெரிதில்லைங்க. ஒரு வசனம் பேசியவராக இருந்தாலும், வேடத்தின் பேரோடு அவர் பேரையும் போடுங்கள், படிக்கிற வேகத்தில். தொடர்களில் முகப்புப் பாட்டில் நாயகன் நாயகி முகத்தோடு நிறுத்திவிடாதீர்கள். சொந்தக் குரலில் பேச முடிந்தவரை, சம்பளம் கொடுத்து டப்பிங்குக்குக் கூப்பிடுங்கள்.

அப்புச்சி போய் மூன்று வருசம் ஆகிறது. டிவியில் அந்தப் படம் ஓடினால், வண்டிக் காட்சி முடியும்வரை அம்மா அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்திருப்பார். அதை மறுபடி வெளியிடும் எண்ணம் யாருக்காவது இருந்தால் சொல்லுங்கள். பெண்ணின் தகப்பனாக நடித்தவர் பேரை நான் எழுதி அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
அவர் பேத்தி