இரண்டு சித்தூர்களுக்கு நடுவே ஓர் ஆட்டம்

கொழிஞ்சாம்பாறை,
ஆடி 12

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை கைக்கு வந்தது. உறையின் மேல் உன் கையெழுத்து இல்லாததைப் பார்த்ததும் நெஞ்சு ஒரு கணம் அடைத்துப்போனது. பிரித்த பிறகுதான் தெரிந்தது, நீ சொல்லச் சொல்ல மகன் எழுதியிருக்கிறான் என்று. கண் அறுவை நல்லபடியாக முடிந்ததும், சர்க்கரை கட்டுக்குள் இருப்பதும் பெரிய நிம்மதி. ஆனால் கடைசிப் பத்தியில், "செஸ் பலகையைப் பரணில் போட்டுவிட்டேன், இந்த வயதில் இனி எதற்கு" என்று எழுதியிருக்கிறாயே, அதைப் படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. மூன்று நாட்களாக அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன். அதனால் இந்தக் கடிதம் கொஞ்சம் நீளும். மகனைப் பக்கத்தில் உட்காரவைத்துப் பொறுமையாகப் படிக்கச் சொல்லிக் கேள்.

முதலில் ஊர்ச் செய்தி. கணவாய்க் காற்று இந்த ஆண்டு சற்றுக் கடுமை. தென்னைகள் எல்லாம் ஒரே பக்கமாகத் தலையைச் சாய்த்துக்கொண்டு நிற்கின்றன. ஆழியாற்றுத் தண்ணீர் நேரத்துக்கு வருமா என்ற பேச்சு வழக்கம்போல் டீக்கடையில் நடக்கிறது. பேத்தி ஆறாம் வகுப்புக்குப் போய்விட்டாள். மாலையில் அவளும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் நான்கைந்து பேரும் நம் திண்ணையில் செஸ் ஆடுகிறார்கள். அங்கே தினமும் ஒரு வழக்கு. நம் வீட்டில் யானை நேராகப் போகும், மந்திரி குறுக்காகப் போவார். மலையாளம் பேசும் பிள்ளைகளுக்கோ குறுக்காகப் போவதுதான் ஆனை. நேராகப் போவது தேர். மந்திரி என்றால் நம் ராணி! "யானையை எடுத்துவிட்டேன்" என்று ஒருத்தி சொன்னால் எந்த யானை என்று கேட்க வேண்டியிருக்கிறது. உன் ஆந்திரச் சித்தூரில் தெலுங்குப் பிள்ளைகளின் ஏனுகு நம் யானையைப் போலவே நேராகத்தான் போகும் என்று முன்பு எழுதியிருந்தாய். ஆட்டம் ஒன்றுதான், எல்லைக்கு எல்லை பெயர்தான் மாறுகிறது.

இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குச் சுல்தான் கான் நினைவு வரும். பஞ்சாபில் பிறந்த அவர் சிறுவயதில் கற்றது நம் நாட்டுச் சதுரங்கம். அதில் சிப்பாய்க்கு முதல் நகர்த்தலிலும் ஒரு கட்டம்தான். மேலை நாட்டு விதிகளைப் பிறகுதான் கற்றார். 1929-இல் சர் உமர் ஹயாத் கான் என்ற பெரிய நிலக்கிழாருடன் இங்கிலாந்து போனவர், அந்த ஆண்டே பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். 1932, 1933-இலும் அவரே. ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சாம்பியன் கப்பாபிளாங்காவையே வீழ்த்தினார். எசமானர் ஊர் திரும்பியபோது அவரும் திரும்பினார். மீதி வாழ்நாள் விவசாயத்தில் போனது. 1966-இல் இறந்தார். உலகச் செஸ் கூட்டமைப்பு அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது 2024-இல். ஐந்தே ஆண்டுகள் ஆடியவருக்கு, இறந்து 58 ஆண்டுகள் கழித்து! அவர் ஆட்டத்தை விட்டதற்கு ஆட்டம் கைவிட்டதா காரணம்? அழைத்துப் போக ஆள் இல்லை, வழி இல்லை. உனக்கு அப்படி எந்தத் தடையும் இல்லையே.

பேத்தியின் கதையையும் சொல்கிறேன். சென்ற மாதம் பாலக்காட்டில் ஒரு போட்டிக்கு அழைத்துப் போனேன். கடைசிச் சுற்றில் வெற்றி ஏறக்குறைய கையில் இருந்தது. அவசரப்பட்டு ராணியைக் குதிரையின் வாயில் வைத்துவிட்டாள். பஸ்ஸில் வரும் வழியெல்லாம் அழுகை. இனி ஆட மாட்டேன் என்றாள். நான் அவளுக்கு 2013-ஐச் சொன்னேன். விஸ்வநாதன் ஆனந்த் தன் சொந்தச் சென்னையில், தன் மக்கள் கண் முன்னே, நார்வேயின் கார்ல்சனிடம் உலக சாம்பியன் பட்டத்தை இழந்தார். பத்தே ஆட்டங்களில் முடிந்தது. ஒன்றில்கூட அவர் வெல்லவில்லை. இனி அவ்வளவுதான் என்று நீயும் நானும்கூடப் பேசிக்கொண்டோம், நினைவிருக்கிறதா? நான்கே மாதத்தில், 44 வயதில், சைபீரியக் குளிரில் கான்டி-மான்சிஸ்கில் நடந்த கேண்டிடேட்ஸ் போட்டியில் ஓர் ஆட்டம்கூடத் தோற்காமல் முதலிடம் பிடித்து, அதே கார்ல்சனோடு மறுபடியும் மோதும் உரிமையைப் பெற்றார். மறுபடியும் தோற்றார் என்பது வேறு. அந்தச் சென்னைத் தோல்வியைப் பார்வையாளர் பக்கத்திலிருந்து, ஆட்ட அறைக் கண்ணாடிக்கு இந்தப் புறம் நின்று பார்த்த ஏழு வயதுப் பையன் ஒருவன் இருந்தான். அவன்தான் குகேஷ். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில், 18 வயதில், அப்போதைய சாம்பியன் சீனாவின் டிங் லிரனை வென்று உலக சாம்பியன் ஆனான்.

அந்தக் கடைசி ஆட்டத்தை நீ தொலைக்காட்சியில் பார்த்தாயா? இருவரும் ஆறரைப் புள்ளியில் சமம். டிரா என்றே எல்லோரும் எழுதிவைத்திருந்தார்கள். 55-ஆம் நகர்த்தலில் டிங் யானையைத் தவறான கட்டத்தில் வைத்தார். குகேஷ் அதைக் கண்டுகொண்ட அந்தக் கணத்தில் அவன் முகம் மாறியதை நான் மறக்க மாட்டேன். வென்ற பிறகு அழுதபடியே காய்களை எல்லாம் அவரவர் கட்டத்தில் திரும்ப அடுக்கினானே, அதை நான் எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கில்லை. டிங்கை நினைத்தும் வருந்தினேன். பட்டம் வென்றபின் மனச்சோர்வோடு போராடியவர் அவர். பேத்தி எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அவரும் என்னைப் போல ஒரே ஒரு நகர்த்தலில்தான் தோற்றாரா தாத்தா?" என்றாள். மறுநாள் மாலை திண்ணைக்கு அவளே காய்களை எடுத்துவந்தாள்.

சரி, உன் "இந்த வயதில்" என்ற சொல்லுக்கு வருகிறேன். முன்னாள் உலக சாம்பியன் ஸ்மிஸ்லோவ் 1984-இல் கேண்டிடேட்ஸ் இறுதியில் இருபது வயது காஸ்பரோவோடு மோதியபோது அவருக்கு 63. தோற்றார், ஆனால் அந்த இடம் வரை வந்தார். அதற்கு மேல் அவரைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை. நான் சொல்ல வந்தது லாட்வியாவின் மிகைல் தாலைப் பற்றி. வலது கையில் பிறவியிலேயே மூன்று விரல்கள். 1960-இல் 23 வயதில் போட்வின்னிக்கை வென்று சாம்பியன். மறு ஆண்டே திரும்ப இழந்தார். சிறுநீரகம் அவரை வாழ்நாள் முழுக்க வாட்டியது. 1969-இல் ஒன்றை எடுத்தே விட்டார்கள். அதற்குப் பிறகுதான், 1973, 74-இல், தொடர்ந்து 95 ஆட்டங்கள் தோல்வி காணாமல் ஆடினார்! 1992 மே மாதம், சாகக் கிடந்தவர், மாஸ்கோவில் மருத்துவமனையை விட்டு எழுந்து போய் ஒரு மின்னல்வேகப் போட்டியில் ஆடினார். காஸ்பரோவை ஓர் ஆட்டத்தில் வென்றார். ஒரு மாதத்தில் உயிர் பிரிந்தது. ஆனந்த் சிறுவனாகப் போய் ஆடிய சென்னைக் கிளப்புக்குத் தாலின் பெயரைத்தான் வைத்திருந்தார்கள். பொருத்தமான பெயர்.

எல்லோராலும் அப்படி முடியாது, அதையும் ஒப்புக்கொள்கிறேன். போலந்தின் ரூபின்ஸ்டைன் 1912-இல் ஒரே ஆண்டில் ஐந்து பெரிய போட்டிகளை வென்றார். அன்றைய உலக சாம்பியன் லாஸ்கரோடு 1914-இல் நடக்கவிருந்த பட்டப் போட்டியை உலகப் போர் விழுங்கிவிட்டது. பிறகு மனநோய் முற்றி, 1930-களின் தொடக்கத்தில் போட்டிகளை விட்டவர், 1961 வரை பெல்ஜியத்தில் உயிரோடு இருந்தார். அவரைப் பற்றி ஒரு சொல்லும் குறைத்துச் சொல்ல மாட்டேன். உன் நோய் அதுவல்ல, மாப்பிள்ளை. உன்னுடையது கண் கூச்சம். மருத்துவர் ஆறு வாரம் என்று சொல்லியிருக்கிறார்.

எஸ்தோனியாவின் கெரஸை உனக்குப் பிடிக்கும். கேண்டிடேட்ஸில் 1953, 1956, 1959, 1962 என்று நான்கு முறை இரண்டாமிடம். 1959-இல் முதலிடம் பிடித்த தாலையே அந்தப் போட்டியில் மூன்றுக்கு ஒன்று என்று வென்றும், இடம் இரண்டுதான். அவர் பையனாக இருந்தபோது ஊரில் சரியான எதிராளி கிடைக்காமல் தபாலில் ஆடினார். ஒரே சமயத்தில் நூற்றைம்பது ஆட்டங்கள் வரை! 1975-இல் கனடாவில் ஒரு போட்டியை வென்று திரும்பும் வழியில் ஹெல்சிங்கியில் இறந்தார். பிறகு அவர் நாடு ஐந்து குரோன் நோட்டில் அவர் முகத்தை அச்சிட்டது.

நமக்கும் ஒரு தபால் ஆட்டம் பாதியில் நிற்கிறது. நீ ஆந்திரச் சித்தூருக்குப் போனதும், கேரளச் சித்தூரை ஒட்டிய இந்த ஊரிலிருந்து நான் போட்ட முதல் அட்டை பின்கோடு எழுதாததால் இங்கேயே சுற்றித் திரும்பி வந்தது உனக்கு நினைவிருக்கும். இப்போதைய ஆட்டம் 23-ஆம் நகர்த்தலில் இருக்கிறது. அலமாரி மேல் பலகை அப்படியே இருக்கிறது. போன வாரம் காற்றில் சன்னல் திறந்து உன் கறுப்புக் குதிரை சாய்ந்தது. சாய்ந்த கட்டத்திலேயே நிறுத்திவைத்தேன். காய்கள் நிற்கும் நிலையைப் பேத்தி பெரிய எழுத்தில் தனித்தாளில் எழுதி இதனுடன் வைத்திருக்கிறாள்; நீ கண்ணை வருத்த வேண்டாம், மகன் வாசிக்கட்டும். தங்கச்சிக்கு என் அன்பைச் சொல்.

நகர்த்த வேண்டியது நீதான்.

உன் அன்பு மாப்பிள்ளை