கல்டஸ் ஏரி மீனையும் எண்ணுங்கள்

கனடா மீன்வளம், பெருங்கடல்கள் துறை அமைச்சருக்கு,

வணக்கம். பிரிட்டிஷ் கொலம்பியாவின் ஆடம்ஸ் ஆற்றில் முட்டையிடும் சாக்கை என்னும் சால்மன் வகை மீன் நான்கு ஆண்டுக்கு ஒருமுறை பெருங்கூட்டமாகத் திரும்பும். 2010, 2014, 2018, 2022 என்று வந்த அந்த வரிசையில் அடுத்தது 2026. அது கடலிலிருந்து ஏறிவரும் ஃபிரேசர் ஆற்றின் முகத்தில் மீன்பிடியைத் திறக்கச் சொல்லிக் கோரிக்கைகள் குவியும். திறப்பதற்கு முன் இதைப் படியுங்கள்.

ஆற்றில் நுழைவது ஒரே கூட்டம் அல்ல. ஆடம்ஸ் மீனோடு கலந்து, அதே பருவத்தில், கல்டஸ் ஏரியின் சாக்கையும் வருகிறது. இரண்டையும் பார்வையால் பிரிக்க முடியாது, செவுள் வலையும் பிரிக்காது. லட்சக்கணக்கில் வரும் ஆடம்ஸ் மீனுக்கு ஏற்றபடி வலை போட்டால், கூடவே வரும் சொற்பமான கல்டஸ் மீனும் அதே விகிதத்தில் போகும். மொத்தக் கணக்கில் அந்த இழப்பு தெரியவே தெரியாது.

மொத்தக் கணக்கு எப்படி ஏமாற்றும் என்று உங்கள் துறைக்கே தெரியும். 2009இல் ஃபிரேசருக்கு 1 கோடிக்கு மேல் சாக்கை வரும் என்றார்கள். வந்தது சுமார் 15 லட்சம். அடுத்த ஆண்டே 3 கோடியை நெருங்கியது. 2020இல் 3 லட்சம்கூட இல்லை. ஃபிரேசர் சாக்கை ஏன் குறைந்தது என்று விசாரித்த நீதிபதி கோஹென் ஆணையம் 2012இல் 75 பரிந்துரைகள் தந்தது. அதற்கு முன்பே, 2005இல், காட்டு சால்மன் கொள்கையில் ஒவ்வொரு கூட்டத்தையும் தனித்தனியாகக் காப்போம் என்று நீங்களே எழுதி வைத்தீர்கள். அதே 2005இல்தான் கல்டஸ் சாக்கையை அழியும் ஆபத்திலுள்ள உயிரினங்களைக் காக்கும் சட்டத்தின் பட்டியலில் சேர்க்க மறுத்தீர்கள், மீன்பிடித் தொழிலுக்கு நட்டம் என்று. அந்த ஆபத்தை மதிப்பிடும் அறிவியல் குழு 2002லேயே அவசரமாக எச்சரித்திருந்தது. அந்த முடிவை நினைத்தால் எனக்கு இன்னும் ஆறவில்லை.

கல்டஸுக்கு வலை மட்டுமே எதிரி இல்லை, சரி. ஏரியில் கழிவுச்சத்து சேர்ந்து ஆழத்தில் ஆக்ஸிஜன் குறைகிறது. 1990களின் நடுவிலிருந்து கல்டஸ், ஆடம்ஸ் போன்ற, பருவத்தின் பிற்பகுதியில் வரும் இந்த மீன்கள் கடலில் காத்திருக்காமல் முன்னதாகவே ஆற்றில் ஏறி, முட்டையிடாமல் செத்துப்போவதும் உண்டு. ஆனால் இவற்றைச் சரிசெய்யப் பல ஆண்டுகள் பிடிக்கும். வலையை இந்தப் பருவத்திலேயே மாற்றலாம்.

வழி ஆற்றின் அமைப்பிலேயே இருக்கிறது. கல்டஸ் மீன் சில்லிவாக் நகர் அருகே வெடர் என்னும் கிளையாற்றுப் பக்கம் திரும்பிவிடும். ஆடம்ஸ் மீனோ தாம்சன் ஆறு வழியாக ஷூஸ்வாப் ஏரிவரை இன்னும் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் போகும். வெடர் பிரிவுக்கு மேலே பிடித்தால் கல்டஸ் மீன்மேல் கை படாது. அங்கும் மேலாற்றுக் கோஹோ சால்மன், ஸ்டீல்ஹெட் மீன் போன்ற நலிந்த கூட்டங்கள் ஏறுவதால் கரைவலை, பொறி, நீரோட்டத்தில் சுழன்று மீனை அள்ளும் மீன்சக்கரம் என்று உயிரோடு பிடித்துத் திரும்ப விடக்கூடிய கருவிகளே வேண்டும். இந்த வகை மீன்பிடி ஆற்றங்கரைப் பூர்வகுடிகளுக்குக் கைவந்தது. மீன்காப்புக்கு அடுத்த உரிமை அவர்களுடைய உணவுத் தேவைக்கே என்று உச்ச நீதிமன்றம் 1990இல், ஸ்பாரோ வழக்கில் சொல்லிவிட்டது. மேலாற்று மீன்பிடியை நடத்தும் பொறுப்பை அவர்களிடமே கொடுங்கள்.

மேலே போகப் போக மீனின் கொழுப்பு வற்றும், சதை வெளிறும், விலை விழும் என்று படகுக்காரர்கள் சொல்வார்கள். உண்மைதான். கடனில் படகு வாங்கியவருக்கு அது பெரிய அடி. அந்த விலை வித்தியாசத்தை அரசு ஏற்க வேண்டும். நலிந்த கூட்டத்தைக் காக்கும் செலவைக் கூலிக்கு வலை இழுப்பவர் தலையில் கட்டுவது நியாயமில்லை.

அப்புறம் ஒன்று. ஃபிரேசர் கரையிலுள்ள மிஷன் ஊரில் ஒலியலை வைத்து மீனை எண்ணுகிறார்கள், சோதனைப் பிடிப்பில் மரபணு பார்த்து எந்த மீன் எந்தக் கூட்டம் என்று பிரிக்கிறார்கள், ஸ்வெல்ட்சர் ஓடையில் கல்டஸ் மீனை வேலி கட்டி எண்ணுகிறீர்கள். மீன்பிடியைத் திறக்கும் ஒவ்வொரு அறிவிப்பிலும், அந்தத் திறப்பில் எத்தனை கல்டஸ் மீன் சாகும் என்ற மதிப்பீட்டையும் சேர்த்து வெளியிடுங்கள். அந்த எண்ணைப் போட மனம் வரவில்லை என்றால், அன்றைக்குத் திறக்காதீர்கள்.

இப்படிக்கு,
பிரிட்டிஷ் கொலம்பியாவில் வாழும் ஒரு தமிழர்