பெயரில்லாத ஐந்து நாட்களின் கணக்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த அறிவியல் புனைகதையைப் படித்துவிட்டு எழுதுகிறேன். ஆண்டுக் கடைசியில் ஐந்து நாள் காலம் உடைந்துபோகிற உலகம் அது. ஒரு தெருவில் விடிந்திருக்கும், அடுத்த தெருவில் நடுநிசி. இக்கரையில் ஏறினால் அக்கரையில் முந்தாநாள். அந்த நாட்களுக்குத் தேதியும் இல்லை, பெயரும் இல்லை. படகுக்காரப் பெண் துடுப்பைத் தூக்கும்போது சிதறிய துளிகள் கீழே விழாமல் அவள் முகத்துக்கு நேரே நிற்கின்றனவே, அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். எழுதியவருக்கு நல்ல கை.

எனக்குள்ள குறை வேறு. அந்த ஐந்து நாட்களில் ஒரு வீட்டில் குழந்தை பிறக்கிறது, இன்னொரு வீட்டில் பெரியவர் ஒருவர் இறக்கிறார். இரண்டையும் ஒரே வரியில் சொல்லிவிட்டுக் கதை ஆற்றுப் பக்கம் போய்விடுகிறது. ஆறாம் நாள் மணி அடித்ததும் எல்லோரும் கதவைத் திறந்து வேலைக்குக் கிளம்புகிறார்கள். அது எப்படி? தேதியில்லாத நாளில் பிறந்த பிள்ளைக்கு வயது எப்போது ஏறும்? அந்தப் பெரியவருக்கு அடுத்த வருஷம் என்றைக்குத் திவசம்? அவர் வாங்கிய கடனுக்கு அந்த ஐந்து நாளும் வட்டி உண்டா, இல்லையா? கடிகாரம் நின்றால் வேடிக்கை பார்க்கலாம். கொடுக்க வேண்டியதும் செய்ய வேண்டியதும் அன்றைக்கு என்ன ஆயிற்று என்று சொன்னால்தான் காலம் உடைந்தது மனசில் உறைக்கும்.

நம் பஞ்சாங்கத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். சந்திரன் சூரியனைவிட்டு 12 பாகை விலகுகிற நேரம் ஒரு திதி. சந்திரனின் வேகம் ஒரே சீராக இல்லாததால் திதி சுமார் 19 மணி நேரத்திலும் முடியும், 26 மணி நேரம் வரையும் நீளும். ஒரே நாளில் மூன்று திதி வந்துவிட்டால் அவமாகம் என்று போடுவார்கள். ஒரே திதி மூன்று நாளைத் தொட்டால் திரிதினஸ்பிருக். அந்த நாட்களில் நல்ல காரியம் வைக்க மாட்டோம். ஆனால் அதே பஞ்சாங்கத்தில் சிராத்த திதி என்று தனியாகவும் குறித்திருப்பார்கள். சில நாளில் இரண்டு திதி இருக்கும், சில நாளில் சூன்யம் என்றிருக்கும். வானத்தில் கணக்கு எப்படி இடித்தாலும் போனவர்களுக்குச் சோறு தவறக்கூடாது என்று யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள்.

பிரிட்டனிலும் யோசித்தார்கள். 1752-இல் நாட்காட்டியை மாற்றியபோது செப்டம்பர் 2-க்கு மறுநாள் 14 ஆனது. பதினொரு நாள் காணாமல் போனதற்காகக் கடன் தவணை முன்கூட்டி வந்துவிடக்கூடாது என்று அந்தச் சட்டத்திலேயே எழுதிவைத்தார்கள்.

எங்கள் செட்டிநாட்டில் காலம் நிஜமாகவே உடைந்தது 1942-இல். பிப்ரவரியில் சிங்கப்பூர் விழுந்தது. ஜப்பானியர்கள் மலாயாவின் கடிகாரங்களை டோக்கியோ நேரத்துக்கு மாற்றி ஒன்றரை மணி நேரம் முன்னே தள்ளிவைத்தார்கள். இங்கேயும் போருக்காக அதே ஆண்டு செப்டம்பரில் ஒரு மணி நேரம் கூட்டினார்கள். கடிகாரம் போகட்டும், அக்கரைத் தபாலே நின்றுபோனது. கொண்டுவிக்க, அதாவது மலாயா பக்கம் வட்டித் தொழில் பார்க்க, போன ஆண்கள் இருக்கிறார்களா இல்லையா என்று தெரியாமல் மூன்றரை ஆண்டு வீடுகள் கிடந்தன.

என் அப்பத்தா அப்போது எழுதிய வீட்டுக் கணக்கு நோட்டு எங்கள் பெட்டகத்தில் இருக்கிறது. பற்றுப் பக்கத்தில் உப்பு, மண்ணெண்ணெய், வண்ணாத்திக்குக் கொடுத்தது எல்லாம் பைசா சுத்தமாக இருக்கும். வரவுப் பக்கத்தில் மாதாமாதம் முதல் வரி ‘பினாங்கு’; மலாயாவில் ஐயா, அதாவது என் தாத்தா, இருந்த ஊர். எதிரே தொகை இருக்காது. அந்த வரியை எழுதாமல் விட்ட மாதம் ஒன்றுகூட இல்லை. ஐயா திரும்பி வந்த பிறகும் அந்த இடங்களை அப்பத்தா நிரப்பவில்லை, கோடு போட்டு அடிக்கவும் இல்லை.

போர் முடிந்ததும் கடன் வழக்குகள் கிளம்பின. வாழைமரம் அச்சடித்த ஜப்பான் நோட்டைக் கொடுத்துப் பழைய கடனைத் தீர்த்தவர்கள் இருந்தார்கள். அது செல்லுமா? 1948-இல் மலாயாவில் இதற்கென்றே தனிச் சட்டம் போட்டு, எந்தக் காலத்தில் கட்டிய நோட்டுக்கு என்ன மதிப்பு என்று அட்டவணை கொடுத்தார்கள். உடைந்த நாட்களைத் திரும்ப உட்கார்ந்து எண்ணவேண்டி வந்தது. வட்டிக் கடை வைத்தவர்களுக்கும் கடன் வாங்கியவர்களுக்கும் அதில் பட்ட மனக்கசப்பு கொஞ்சமல்ல.

அதனால்தான் கேட்கிறேன். அந்த எழுத்தாளரிடம் அதே உலகத்தைப் பற்றி இன்னொரு கதை வாங்கிப் போடுங்கள். படகுக்காரப் பெண் வேண்டாம், அந்தக் குழந்தையின் தாய் வரட்டும். பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு ஊர்க் கணக்கரிடம் போய்ப் பெயரைப் பதியச் சொல்லட்டும். எந்தத் தேதியில் எழுதுவது என்று அவர் கேட்பாரே, அதற்கு அவள் என்ன பதில் சொல்வாள் என்று எனக்குத் தெரிய வேண்டும். கதை நீளமாக இருந்தால் இரண்டு இதழில் போட்டாலும் சரி, வெட்டாமல் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
பள்ளத்தூர்