வன்னிக்குப் படம் கொண்டுவந்தவர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர், வணக்கம்.

பெரும்போக அறுவடை முடிந்த கையோடு வட்டக்கச்சி, விசுவமடு, மாங்குளம் ஆகிய ஊர்களில் நாங்கள் நடத்திய திரையிடல்களுக்குத் தோள்கொடுத்த அனைவருக்கும் எங்கள் திரைப்பட வட்டத்தின் நன்றியைத் தெரிவித்துக்கொள்கிறோம். யாழ்ப்பாணத்தில் 2015 முதல் சர்வதேசத் திரைப்பட விழா நடந்துவந்தாலும், இரவுக் காட்சி பார்த்துவிட்டு ஏ9 வீதியால் திரும்பிவர எங்கள் பக்கத்துச் சனங்களுக்கு பஸ் கிடையாது.

முதல் நன்றி, திரையிடப் படங்களைத் தேடிப் பெற்றுத் தந்த அண்ணருக்கே உரியது. தன் பெயரைப் போட வேண்டாம் என்று அவர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டதால், இங்கும் அவர் அண்ணராகவே இருக்கட்டும். யாரிடமோ கிடைத்த பிரதியை பென்டிரைவில் போட்டு ஓட்டுவதற்கு அவர் ஒருபோதும் உடன்படவில்லை. ஒவ்வொரு படத்துக்கும் உரிமையாளருக்கு எழுதி அனுமதி பெற்று, கட்டணம் பேசித் தீர்த்து, பிரதி வந்ததும் உபதலைப்புகள் வசனத்தோடு பொருந்துகின்றனவா என்று முழுப்படத்தையும் ஓட்டிப் பார்த்து, உண்டியலில் சேர்ந்த காசின் கணக்கைப் படமெடுத்தவருக்கு அனுப்பிவைப்பது வரை எல்லாவற்றையும் அவரே பார்த்துக்கொண்டார். தொகை சிறியது, ஆயினும் கணக்கு ரூபாய் பிசகாமல் போனது.

“இப்பிடிப் படமெல்லாம் ஏன் தியேட்டருக்கு வாறேல்லை?” என்று மாங்குளத்தில் ஓர் அம்மா கேட்டார். பெரிய நடிகரின் படம் வரும் வாரத்தில் காட்சிகளெல்லாம் அதற்கே போய்விடுவதையும், சிறிய படத்துக்கு ஒரு காட்சி கிடைத்தாலும் தியேட்டரின் பங்கு போக மிஞ்சுவது சுவரொட்டிச் செலவுக்கே காணாது என்பதையும் அண்ணர் பொறுமையாக விளக்கினார். நியூயோர்க்கில் தியேட்டர் நடத்திய டான் டால்போட், தான் காட்ட விரும்பிய, இத்தாலிய இயக்குநர் பெர்ட்டொலூச்சியின் படத்துக்கு அமெரிக்காவில் விநியோகஸ்தர் இல்லாததால் 1965இல் தாமே நியூ யோர்க்கர் பிலிம்ஸ் என்ற விநியோக நிறுவனத்தைத் தொடங்கியதையும் சொன்னார். ‘அக்கிரகாரத்தில் கழுதை’ எடுத்த ஜோன் ஏபிரகாம், கேரளத்தில் ஒடேசா என்ற திரைப்படக் குழுவினரோடு ஊரூராகப் போய்ப் படம் காட்டி, சனங்களிடம் காசு சேர்த்தே 1986இல் ‘அம்மா அறியான்’ படத்தை முடித்தார் என்பதும் அன்றுதான் பலருக்குத் தெரியவந்தது. இவர்கள் வரிசையில் தன்னை வைத்தால் அண்ணர் கோபிப்பார், தெரிந்துதான் வைக்கிறோம்.

இரண்டு வெள்ளைத் துணிகளைப் பொருத்தி, பின்னால் கறுப்புத் துணி கொடுத்து, ஓரத்தில் கயிறு ஓட மடிப்பு விட்டுத் திரை தைத்துத் தந்த தையல் அக்காவுக்கு நன்றி. வட்டக்கச்சியில் இரணைமடுப் பக்கமிருந்து அடித்த காற்றில் அத்திரை புடைத்து, படத்தில் வந்த கிழவரின் முகம் கோணியபோது, லாண்ட்மாஸ்டர் (இருசில்லு உழவு இயந்திரம்) பெட்டியை மறைப்பாகக் கொண்டுவந்து நிறுத்தி, கீழ்க்கயிற்றை அதன் சில்லில் இறுக்கிக் கட்டிய தம்பிக்கும் நன்றி. உபதலைப்பை வாசிக்க முடியாத முதியவர்களுக்காகச் சிங்களப் படத்தின் வசனங்களைப் பக்கத்தில் இருந்து மெல்லத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்த முன்பள்ளி ஆசிரியையின் பொறுமை எங்களில் வேறெவருக்கும் வராது. கதிரை தந்த சனசமூக நிலையங்களையும், தேநீர் தந்த மாதர் சங்கத்தினரையும் மறக்கவில்லை.

திரை இப்போது வட்டக்கச்சி முன்பள்ளியில் இருக்கிறது. வேண்டிய ஊர்கள் ஆசிரியையிடம் கேட்டு எடுத்துக்கொள்ளலாம். படத்துக்கு மட்டும் ஒரு மாதம் முன்னதாகவே சொல்லிவிடுங்கள். அனுமதிக் கடிதம் வராமல் அண்ணர் படம் தரமாட்டார்.

இவ்வண்ணம்,
திரைப்பட வட்டத்தினர்,
கிளிநொச்சி.