சிங்கத் தோலுக்குள் இருந்தவர்

ஆசிரியருக்கு வணக்கம்.

'தி விசர்ட் ஆஃப் ஓஸ்' (1939) என்ற ஹாலிவுட் படத்தின் பயந்தாங்கொள்ளிச் சிங்கத்தைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். முக்கால்வாசி, அந்த உடை ஏலத்தில் போன கதைதான். 2014இல் நியூயார்க்கில் 30 லட்சம் டாலருக்கு மேல் போனது. சரி, பெரிய செய்திதான். அந்த உடைக்குள் வெந்துகொண்டே சிங்கமாக நடித்த பெர்ட் லாருக்கு ஒரே ஒரு வரிதானா?

அது நிஜச் சிங்கத் தோல். எடை ஏறத்தாழ 40 கிலோ. வண்ணப் படம் பிடிக்கும் அன்றைய டெக்னிகலர் கேமராவுக்கு எவ்வளவு விளக்கு போட்டாலும் போதாது. அந்தச் சூட்டில் தளமே 38 டிகிரியைத் தாண்டிவிடும். சேலத்துக் கத்திரி வெயிலில் ரெண்டு கம்பளியைப் போர்த்திக்கொண்டு ஆடுவது மாதிரி. தினமும் கழற்றும்போது உடை தொப்பலாக நனைந்திருக்கும். ராத்திரியெல்லாம் அதை உலர்த்துவதற்கென்றே ஆட்கள் இருந்தார்கள். முகத்தில் ஒட்டிய ரப்பர் கலைந்துவிடக் கூடாதே என்று மதியச் சாப்பாட்டுக்குப் பதில் சூப்பும் மில்க் ஷேக்கும் உறிஞ்சினார் மனிதர். அந்த வாலைக்கூட அவர் ஆட்டவில்லை. மேலே பரணில் ஒருவர் தூண்டில் நரம்பைப் பிடித்து ஆட்டினார். ஆனால் அந்த வால் நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அழுவாரே, அது லாரின் நடிப்பு.

அதே படத்தில் தகர மனிதனாக முதலில் நடித்த பட்டி எப்சனை விட்டதுதான் எனக்குப் பெரிய குறை. முகத்தில் பூசிய அலுமினியத் தூள் மூச்சோடு உள்ளே போய், ஆஸ்பத்திரியில் கிடந்தார். படத்தில் வருவது ஜாக் ஹேலி. அவருக்குத் தூளைப் பசையாகக் குழைத்துப் பூசினார்கள்.

எங்கள் சேலத்தில் குகை என்ற பகுதியில் ஆடிப் பண்டிகைக்கு வண்டி வேடிக்கை, அதாவது சாமி வேஷம் கட்டியவர்கள் வண்டியில் வரும் ஊர்வலம், பார்த்தவர்களுக்கு இதெல்லாம் புதிதில்லை. போன ஆடியில் நரசிம்மர் வேஷம் கட்டியவர், வண்டி நின்றதும் பிடரிக்கு அடியில் விரலை விட்டு, கண்ணில் இறங்கிய வியர்வையை வழித்து உதறினார். கீழிருந்து ஒரு பையன் ஸ்ட்ரா போட்ட கலர் பாட்டிலை நீட்டினான். ரெண்டு உறிஞ்சு. வண்டி நகர்ந்ததும் பழையபடி நாக்கைத் துருத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

இங்கே ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸின் நுழைவு வளைவு இன்னும் நிற்கிறது. 1935இல் டி.ஆர். சுந்தரம் தொடங்கிய சினிமா கம்பெனி. 100 படங்களுக்கு மேல். தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம், 1956இல் வந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்', அவர்கள் எடுத்ததுதான். எம்.ஜி.ஆரையும் பானுமதியையும் பற்றி எழுதிக்கொண்டே இருக்கிறோம். அந்தத் திருடர் கூட்டத்துக்குத் தலைப்பாகை கட்டியவர், தாடி ஒட்டியவர், தையல் மெஷினில் உட்கார்ந்தவர் யார் யார்? அவர்களுடைய பிள்ளைகளாவது இந்த ஊரில் இருப்பார்கள். உங்கள் சேலம் நிருபரை அனுப்பி விசாரிக்கச் சொல்லுங்கள். அப்படியே குகை வேஷக்காரர்களையும் ஒரு எட்டு பார்க்கட்டும். ஆனால் ஆனியிலேயே போய்விட வேண்டும். ஆடி பிறந்துவிட்டால் அவர்களைப் பிடிக்க முடியாது.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
அஸ்தம்பட்டி, சேலம்.